சொல்லுக்கு 7 விழுக்காடுதானா?

‘பேச்சின் தாக்கத்தில் சொல்லுக்கு 7, குரலுக்கு 38, முகபாவத்துக்கு 55 விழுக்காடு’ என்று காரைக்குடி வட்டார வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றும் செய்தி தவறானது. 1967இல் உளவியலாளர் ஆல்பர்ட் மெஹ்ராபியன் தம் குழுவினருடன் வெளியிட்ட இரு ஆய்வுகளை இணைத்துப் பெற்ற எண்கள் அவை; பதிவுசெய்த ஒற்றைச் சொல்லும் அதன் குரலும் முகப்படமும் முரண்படும்போது, பேசுபவரின் விருப்பு வெறுப்பைக் கேட்பவர் எப்படி ஊகிக்கிறார் என்பதே அங்கு ஆராயப்பட்டது. எல்லாப் பேச்சுக்கும் அது பொருந்தாது என்று அவரே தெளிவுபடுத்தியிருக்கிறார்.

நகரத்தார் திருமணத்தில் இசைகுடிமானம் என்ற மண ஒப்பந்தம் எழுதும் செட்டிநாட்டில் சொல்லின் எடையை விளக்க வேண்டியதில்லை. ஆயினும் சொல் அற்பமென்று நம்பவைக்கப்பட்டவர் கடன் பத்திரத்தின் வாசகத்தைக் கேள்வி கேட்கமாட்டார். கணீர்க் குரலும் தோரணையும் உடையவரின் அதிகாரமே அதனால் வளரும். பெரியவர்முன் பார்வையைத் தாழ்த்துவது இங்கே மரியாதை, வேறிடத்தில் தயக்கம். ஆகவே முகபாவத்துக்கு எல்லாப் பண்பாட்டிலும் ஒரே எண் கிடையாது.