நன்றி: இணையமாம்!

ஞாயித்துக்கிழமை வந்த அந்த ஊட்டி ரயில் நிகழ்ச்சியைப் பத்திதான். எந்த டிவின்னு உங்களுக்கே தெரியும், நான் பேர் சொல்லப் போறதில்லை. 1908ல ரயில் உதகைக்கு வந்து சேர்ந்த கதையைக் குரல் உருகி உருகிச் சொல்லுது. திரையில ஓடுறது டார்ஜிலிங் ரயில்!

ரெண்டும் நீலப் பெட்டி, ரெண்டும் புகை விடும். வாஸ்தவம். ஆனா அங்கே தண்டவாளம் ரெண்டடி அகலம், கடை வாசலை உரசிக்கிட்டுப் போகும். நம்மது மீட்டர் கேஜ், ஒரு மீட்டர் அகலம். கல்லாறு தாண்டினா நடுவுல பல்லுத் தண்டவாளம், இஞ்சின் பின்னாடி இருந்து தள்ளிக்கிட்டு ஏறும். மேட்டுப்பாளையத்துல டீ விக்கிற பையனுக்கே தெரியும். யுனெஸ்கோ 1999ல டார்ஜிலிங்கை உலகப் பாரம்பரியப் பட்டியல்ல எடுத்துச்சு, 2005ல நம்மதையும் அதோடயே சேர்த்துடுச்சு. 'இந்திய மலை ரயில்'னு தேடினா எல்லாம் ஒண்ணாத்தான் வந்து கொட்டும். அதைப் பிரிச்சுப் பார்க்க ஒரு ஆள் வேணும்ங்க. பழைய காட்சி தேடுறது ஒரு வேலை, என் வேலை. வேலைன்னா வேலை.

டிவிக்காரங்களைக் கேட்டா, "பட்ஜெட் இல்லை பிரதர்." சரி. ட்ரோனுக்கு இருந்துச்சே?

"பழசுக்கு ஏது உரிமை, யூடியூப்ல கிடந்துச்சு." சினிமாப் படத்துக்கே வெளியான மறு வருஷத்துல இருந்து 60 வருஷம் காப்புரிமை. ரோட்டுல பைக் கூடத்தான் கிடக்குது, எடுத்துட்டுப் போயிடுவீங்களா?

"உனக்குக் காசு வரலைன்னு பொருமுறே." ஆமா, அதுவும்தான். அதுல என்ன தப்பு?

ஏன்னா அந்த நிகழ்ச்சியில நம்ம ரயில் வர்ற 11 விநாடி நான் தேடி எடுத்தது. கோத்தகிரி பக்கம் ஒரு அம்மா, ட்ரங்குப் பெட்டியில வீட்டுக்காரர் எடுத்த 8 எம்எம் ரீல். டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை. ஃபிலிம் சாகிற வாடை அது. எங்கப்பா ஊட்டி இந்து நகர் ஃபிலிம் ஃபேக்டரியில இருட்டுக்குள்ளயே வேலை பார்த்த ஆளு, இந்த மூக்கு அவர் குடுத்தது. மூணு தடவை போயி, அந்தம்மா போட்ட டீயைக் குடிச்சு, பேசிப் பேசி வாங்கி, சென்னை பஸ்ல மடியிலயே வச்சுக் கொண்டுபோய் ஸ்கேன் பண்ணினேன். பாதி ரீல் பூஞ்சை தின்னுடுச்சு. மிஞ்சினது லவ்டேல் ஸ்டேஷன், மழைத் தூறல், நிக்கிற ரயில். மாதிரிக்குப் பாருங்கன்னு மூலையில என் பேரைப் போட்டு அந்த டிவிக்கு அனுப்பினேன். மூலையை வெட்டி, பெருசாக்கிப் போட்டிருக்காங்க. கடைசியில ஒரு வரி, 'நன்றி: இணையம்'.

இணையமா கோத்தகிரிக்கு மழையில பஸ் ஏறிப் போச்சு? இணையமா அந்த வீட்டுத் திண்ணையில உட்கார்ந்துச்சு?

என் பேரை விடுங்க. நேத்து அந்தம்மா போன் பண்ணினாங்க. "பேரன் போட்டுக் காட்டினான் தம்பி, நம்ம ரயில் வந்துச்சு. கடைசியில எழுத்து ஓடுச்சே, அதுல அவர் பேரு ரொம்ப வேகமாப் போயிடுச்சோ? எனக்குக் கண்ணு சரியாப் பிடிபடலை."

ஆமாங்கம்மா, வேகமாத்தான் போச்சுன்னு சொல்லிட்டேன்.