திரையில் சிரித்தார் என்பதைச் சம்மதம் என்று சொல்லாதீர்கள்

‘டீப் த்ரோட்’ என்ற அமெரிக்கப் பாலுறவுப் படத்தில் நடித்த லிண்டா லவ்லேஸைப் பற்றிய காணொளியின் கீழ் நடந்த விவாதத்தை நண்பர்கள் பலரும் பார்த்திருப்பீர்கள். ‘அவ்வளவு கொடுமை நடந்திருந்தால் படத்தில் எப்படிச் சிரித்தாள்?’ என்ற கேள்விக்கு நான் மதிக்கும் சிலரும் விருப்பக்குறி இட்டிருந்ததை என்னால் தாங்கிக்கொள்ள முடியவில்லை.

1972-இல் வெளியான ‘டீப் த்ரோட்’ படத்தின் நாயகி லிண்டா லவ்லேஸின் இயற்பெயர் லிண்டா போர்மன். கணவர் சக் டிரெய்னர் தம்மை அடித்தும் துப்பாக்கி காட்டி மிரட்டியும் அதில் நடிக்கவைத்தார் என்றும், ஊதியமான 1,250 டாலரையும் அவரே எடுத்துக்கொண்டார் என்றும் 1980-இல் வெளியான தன்வரலாற்றில் அவர் எழுதினார். படத்துக்குப் பணம் போட்ட பெரைனோ குடும்பமோ நியூயார்க்கின் ‘கொலம்போ’ என்ற மாஃபியாக் கும்பலைச் சேர்ந்தது. இவர்களுக்கு நடுவில் நின்ற 23 வயதுப் பெண் கேமரா முன் சிரிக்காமல் வேறு என்ன செய்திருக்க முடியும்? சிரிக்கச் சொன்னார்கள், சிரித்தார். அது சம்மதம் ஆகாது.

என் உறவுக்காரப் பெண் ஒருவர் குடும்ப விழாப் படங்கள் எல்லாவற்றிலும் கணவரின் அருகில் சிரித்தபடியே நிற்பார். அடி தாங்காமல் பிறந்த வீட்டுக்குத் திரும்பியபோது, புகுந்த வீட்டார் பஞ்சாயத்தில் எடுத்து நீட்டியவை அந்தப் படங்கள்தாம். ‘இவளா அடி வாங்கியவள்?’ என்று அன்று கேட்டவர்களின் குரலைத்தான் இந்த வாரம் மறுபடியும் கேட்டேன்.

அக்காலப் பேட்டிகளில் லிண்டா படத்தைப் புகழ்ந்தாரே என்கிறீர்கள். டிரெய்னரின் பிடியில் இருந்த காலம் வரை தம் வாயிலிருந்து வந்த சொற்கள் தம்முடையவை அல்ல என்று அவரே பின்னர் சொல்லிவிட்டார். ஏன் ஓடவில்லை? ஓடினார், பிடிபட்டார், அடிபட்டார் என்று எழுதியிருக்கிறார். பணத்துக்காகக் கதை கட்டினார் என்போர், பதிப்பகம் அவரை உண்மை அறியும் சோதனைக்கு உட்படுத்திய பிறகே நூலை வெளியிட்டது என்பதையும், 1986-இல் ஆபாசப் படைப்புகளைப் பற்றி விசாரித்த அமெரிக்க அரசின் மீஸ் ஆணையத்தின் முன் அவர் சாட்சியம் அளித்தார் என்பதையும் அறிந்துகொள்ளட்டும். 2001-இல் ஓர் இதழுக்குப் படம் எடுக்கச் சம்மதித்தாரே என்ற வாதத்துக்கு, 52 வயதில் தாமே எடுத்த முடிவு 23 வயதில் பட்ட அடியை அழித்துவிடாது என்பதே என் பதில்.

கருத்துச் சுதந்திரத்துக்கு எதிரி என்று என்னைத் திட்டியவர்களுக்கும் ஒன்று சொல்கிறேன். அந்தப் படம் ஆபாசமா இல்லையா என்று அமெரிக்க நீதிமன்றங்கள் பலவற்றில் வாதாடினார்கள். 1976-இல் மெம்ஃபிஸில் அதில் நடித்த ஹாரி ரீம்ஸைக் குற்றவாளி என்றுகூடத் தீர்த்தார்கள், பிறகு அத்தீர்ப்பு நிலைக்கவில்லை. லிண்டாவை அடித்ததற்காக மட்டும் எவரும் தண்டிக்கப்படவில்லை. படத்தின் சுதந்திரத்தைப் பற்றி இவ்வளவு பேசிய உலகத்தில், அந்தப் பெண்ணின் சுதந்திரத்தைப் பற்றிப் பேச உங்களுக்கு ஒரு வரிகூடவா கிடைக்கவில்லை?

2002-இல் கார் விபத்தில் காயமுற்று லிண்டா இறந்துபோனார். உங்களுக்குப் பதில் சொல்ல அவர் இல்லை. அதே கேள்வியை என் பக்கத்தில் மீண்டும் எழுதுபவர் எத்தனை ஆண்டுப் பழக்கமானாலும் நட்பிலிருந்து நீக்குவேன்.