ஆட்டோபைலட் இருக்கும்போது பைலட் எதுக்கு?

"எல்லாம் ஆட்டோபைலட் பார்த்துக்கும். பைலட் சும்மா உட்கார்ந்து காபி குடிக்க வேண்டியதுதான்." இதற்குப் பதில் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது. ஒரேயடியாக இங்கே எழுதிவிடுகிறேன்.

ஆட்டோபைலட் சொன்னதைச் செய்யும். இந்த உயரம், இந்தத் திசை, இந்த வேகம் என்று கொடுத்தால் இம்மி பிசகாமல் பிடித்துக்கொள்ளும். புயல் மேகத்தைச் சுற்றிப் போவதா, வேறு ஊரில் இறக்குவதா என்பதெல்லாம் பைலட் தலையில். டேக்-ஆஃப் கையால்தான். லேண்டிங்கும் பெரும்பாலும் அப்படித்தான். ஓடுதளமே தெரியாத மூடுபனியில்தான் இயந்திரத்திடம் விடுவார்கள், அதுவும் விமான நிலையத்தில் அதற்கான கருவிகள் இருந்தால்.

காக்பிட்டில் ஒருவர் ஓட்டுவார், இன்னொருவர் கண்காணிப்பார். இந்தக் கண்காணிப்பைத்தான் நாம் 'சும்மா' என்கிறோம். 1972 டிசம்பரில் மயாமி அருகே ஈஸ்டர்ன் 401 விமானத்தில் முன்சக்கரத்துக்கான சின்ன விளக்கு எரியவில்லை. 2,000 அடியைப் பிடித்துக்கொள்ள ஆட்டோபைலட்டிடம் விட்டுவிட்டு எல்லோரும் அந்த விளக்கையே நோண்டினார்கள். உயரத்தைப் பிடித்திருந்த பிடி எப்போது விட்டது என்று ஒருவரும் பார்க்கவில்லை. மெல்ல மெல்ல இறங்கி சதுப்புநிலத்தில் மோதியது. சக்கரம் ஒழுங்காகத்தான் இறங்கியிருந்தது! விளக்குதான் போயிருந்தது.

ஆனால் என்னை அதிகம் உலுக்குவது 2009 ஜூன் 1, ஏர் பிரான்ஸ் 447. ரியோவிலிருந்து பாரிஸ். நள்ளிரவு அட்லாண்டிக். கேப்டன் ஓய்வுக்குப் போயிருந்தார். வேகத்தை அளக்கும் குழாய்களில் பனிப்படிகம் அடைத்தது. கணக்கு குழம்பியதும் ஆட்டோபைலட் கழன்றுகொண்டு, "இந்தா, நீயே ஓட்டு" என்று விமானத்தைக் கையில் கொடுத்துவிட்டது. அந்த அடைப்பு ஒரு நிமிடம்கூட நீடிக்கவில்லை. ஆடாமல் அசையாமல் பிடித்திருந்தாலே போதும். ஓட்டியவரோ மூக்கை மேலே தூக்கினார். இறக்கைகள் தாங்கும் சக்தியை இழந்தன. 'ஸ்டால், ஸ்டால்' என்று எச்சரிக்கை அலறியும் தூக்கிக்கொண்டே இருந்தார். நாலரை நிமிடத்துக்குள் கடல். 228 பேர்.

அவரைத் திட்ட எனக்கு மனசு வரவில்லை. அந்த உயரத்தில் கையால் ஓட்டிப் பழக யார் வாய்ப்புக் கொடுத்தார்கள்? சுலபமான வேலையை எல்லாம் இயந்திரம் எடுத்துக்கொண்டு, தன்னால் முடியாததை மட்டும், அதுவும் நடுராத்திரியில், மனிதனிடம் தள்ளுகிறது. இந்த லட்சணத்தில் நடுவானில் ஒரு பைலட் போதும் என்று ஒரு பேச்சு வேறு. என்னால் ஒத்துக்கொள்ளவே முடியாது.

அமெரிக்காவின் விமானப் போக்குவரத்தை ஒழுங்குபடுத்தும் அமைப்பான எஃப்ஏஏ 2013ல், வாய்ப்புள்ள நேரங்களில் பைலட்டுகளைக் கையால் ஓட்டவிடுங்கள் என்று விமான நிறுவனங்களுக்கு அறிவுறுத்தியது. என் ஓட்டு அதற்குத்தான். திருப்பம் கொஞ்சம் கரடுமுரடாக வந்தால் வரட்டும், பெல்ட்டைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.