ஹெராயினும் இல்லை, 25 வருடமும் இல்லை

மேலே ஒருத்தர் “எகிப்துக்கு ஹெராயின் கடத்திய பிரிட்டிஷ் பெண், 25 வருஷம் உள்ளே” என்று எழுதியிருக்கிறார். தயவுசெய்து இதைப் பரப்பாதீர்கள், அது ஹெராயின் இல்லை.

2017 அக்டோபரில் எகிப்தின் ஹுர்கதா விமான நிலையத்தில் லாரா பிளம்மர் என்ற அந்தப் பெண்ணிடம் பிடிபட்டது டிரமடால் என்ற வலி மாத்திரைகள் 290. முதுகுவலியில் கிடந்த எகிப்திய துணைவருக்காகக் கொண்டு போனது என்றுதான் அவர் கடைசிவரை சொன்னார். பிரிட்டனில் டாக்டர் சீட்டு இருந்தால் மருந்துக்கடையில் வாங்கலாம், ஆனால் எகிப்தில் அந்த மாத்திரைக்குப் பலர் அடிமையாகிக் கிடப்பதால் அங்கே கடும் கட்டுப்பாடு, அது தனக்குத் தெரியாது என்றார் அவர். தண்டனை 3 வருடம், கூடவே ஒரு லட்சம் எகிப்திய பவுண்டு அபராதம். 25 வருடம், மரண தண்டனை என்பதெல்லாம் தீர்ப்புக்கு முன்னால் குடும்பம் பயந்து பேசியது. 2019 ஜனவரியில் விடுதலையாகி ஊருக்கும் போய்விட்டார்.

அப்புறம், “டாக்டர் எழுதின மருந்துன்னா எந்த நாட்டிலும் பிரச்சினை இல்லை” என்று கீழே ஒரு பதில் இருக்கிறது, அதை நம்பி யாரும் கிளம்பிவிடாதீர்கள். இந்தியாவிலேயே 2018 ஏப்ரலில் டிரமடாலைப் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்துக்குள் கொண்டுவந்துவிட்டார்கள். வலி மாத்திரையோ தூக்க மாத்திரையோ, போகிற நாட்டின் தூதரகத்தில் கேட்டுவிட்டு எடுத்துப் போங்கள்.