மாறுதல் ஆணையில் ஒரு வரி சேர்த்தால் என்ன?

சேலம் கலெக்டர் ஆபீஸ் பக்கம் எந்தத் துறைக்காரர்களோடு டீ குடித்தாலும் பேச்சு கடைசியில் சீனியாரிட்டியில், அதாவது பணியில் யார் முன்னவர் என்ற முதுநிலையில் போய்த்தான் நிற்கும். துறை மாறி வந்தவர் ஒருவர் பக்கத்தில் இருந்துவிட்டால் சத்தம் கூடிவிடும். "இத்தனை வருஷமா இங்க குப்பை கொட்டறேன், நேத்து வந்தவர் எனக்கு மேலயா?" என்பார் ஒருவர். "நான் மட்டும் வேலை பாக்காமலா இருந்தேன்?" என்பார் மற்றவர். எனக்கு இந்த இரண்டு பேர் மீதும் கோபம் இல்லை. இவர்களை மோதவிட்ட அந்த மாறுதல் ஆணையின் மீதுதான் கோபம்.

எனக்குத் தெரிந்த இருவரைச் சொல்கிறேன். ஒருவர் ஏற்காட்டுக்காரர். வயதான பெற்றோரைக் கவனிக்க ஆள் இல்லாததால் கேட்டு வாங்கி வேறு துறைக்கு வந்தார். வெள்ளைத்தாளில் எழுதி வாங்கினார்கள்: "சொந்த விருப்பத்தின் பேரில் வருகிறேன். முந்தைய பணிக்காலத்துக்கு முதுநிலை கோரமாட்டேன்." தெரிந்தேதான் கையெழுத்துப் போட்டார், இன்றுவரை அதைப் பற்றிக் குறை சொன்னதில்லை. இன்னொருவர் எதையும் கேட்கவில்லை. அவர் இருந்த பணியிடமே உபரி என்று சொல்லி அரசு அவரை இங்கே அனுப்பியது. இரண்டு ஆணைகளிலும் ஒரே வாசகம்: "மாறுதல் செய்து ஆணையிடப்படுகிறது." முதுநிலைப் பட்டியல் வந்தபோது இருவரும் கடைசியில், அடுத்தடுத்த எண்ணில்.

இது எப்படிச் சரியாகும்?

கேட்டு வந்தவர் கடைசியில் நிற்பது நியாயம்தான், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. தேர்வாணையத் தரவரிசைப்படி சேர்ந்து, பவானிசாகரில் அடிப்படைப் பயிற்சி முடித்து, துறைத் தேர்வு எழுதி உதவியாளர் பதவிக்குக் காத்திருப்பவரின் தலைக்கு மேல் ஒரு பெயரைச் செருகினால் அவருடைய பதவி உயர்வு தள்ளிப்போகும். கண்காணிப்பாளராக ஓய்வு பெற வேண்டியவர் உதவியாளராகவே வீட்டுக்குப் போவார். கடைசிச் சம்பளத்தை வைத்துத்தான் ஓய்வூதியம் என்றால், அந்தக் குறை சாகும்வரை தொடரும். கர்நாடகத்தில் உடல்நிலை காரணமாக எழுத்துப் பணிக்கு மாற்றம் கேட்டுப் பெற்ற ஒரு செவிலியரின் வழக்கில், புதிய பதவிக்கு வந்த நாளிலிருந்துதான் முதுநிலை என்று 2025இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. மனசுக்குக் கஷ்டமாக இருந்தாலும் சரியான தீர்ப்பு.

ஆனால் அரசே தூக்கிப் போட்டவர் கதை வேறு. எல்லைப் பாதுகாப்புப் படையிலிருந்து அயற்பணியில் (டெபுடேஷனில்) டெல்லி போலீசுக்கு வந்து அங்கேயே நிரந்தரமாகச் சேர்த்துக்கொள்ளப்பட்ட உதவி ஆய்வாளர்களுக்கு, சமமான பதவியில் முன்பு பார்த்த வேலையையும் முதுநிலைக்குச் சேர்க்க வேண்டும் என்று ரூப்லால் வழக்கில் 1999லேயே தீர்ப்பாகிவிட்டது. அயற்பணியில் வந்தவருக்கே அப்படியென்றால், விருப்பமே கேட்கப்படாமல் வந்தவருக்கு எவ்வளவு உரிமை இருக்க வேண்டும்?

அப்புறம் இன்னொன்று. பணிக்காலம் வேறு, முதுநிலை வேறு. கேட்டு வந்தவருக்கும் பழைய பணிக்காலம் ஓய்வூதியக் கணக்கில் சேரும். இதைக்கூட யாரும் விளக்காததால், எல்லாமே போய்விட்டது என்று கலங்கி நிற்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

ரயில்வேயில் இந்தக் குழப்பம் குறைவு. 2007இல் இங்கே சேலம் கோட்டம் வந்ததிலிருந்து பக்கத்திலேயே பார்க்கிறோம். விருப்ப மாறுதல் என்றால் கடைசி இடம். இருவர் பரஸ்பரம் மாறினால் இருவரில் குறைந்த முதுநிலை எதுவோ அது. ஆள் மாறும் முன்பே விதி தெரியும்.

நம் அலுவலகங்களில் மாறுதல் ஆணையிலேயே ஒரு வரி வேண்டும்: இது சொந்த விருப்பமா, நிர்வாக நலனா, இதனால் முதுநிலை என்னவாகும். தற்காலிக முதுநிலைப் பட்டியலை ஆண்டுதோறும் ஒட்டி, ஆட்சேபம் சொல்ல அவகாசம் தர வேண்டும். மூன்று நான்கு ஆண்டு தாண்டி, நிலைத்துவிட்ட முதுநிலையை எதிர்த்து வருபவர் தாமதத்துக்குத் தக்க காரணம் சொல்ல வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பட்டியலையே வெளியிடாமல் வைத்திருந்தால் பாதிக்கப்பட்டவர் எதை எதிர்த்து மனு கொடுப்பார்?

துறை மாறி வந்திருக்கும் தம்பி தங்கைகளே, பணிப்பதிவேட்டை ஒருமுறை கேட்டு வாங்கி, நீங்கள் மாறி வந்த பக்கத்தில் "விருப்பத்தின் பேரில்" என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். நீங்கள் கேட்காமலேயே அப்படி எழுதியிருந்தால் இப்போதே எழுத்தில் மறுப்புக் கொடுத்து, அதைப் பெற்றுக்கொண்டதாக அலுவலகத்தில் கையெழுத்து வாங்கிய நகலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.