சர்வீஸ் கோட்டா யாரும் போட்ட பிச்சை இல்லை

எம்.டி., எம்.எஸ். போன்ற மருத்துவப் பட்டமேற்படிப்புக்கான நீட் பிஜி கவுன்சலிங் தொடங்கினால் போதும், யாராவது ஒருவர் பதிவு போட்டுவிடுவார்: "என்னைவிட மார்க் குறைவு, ஆனாலும் ஜெனரல் மெடிசின் வாங்கிவிட்டார், எல்லாம் சர்வீஸ் கோட்டா." கீழே ஐம்பது பேர் ஆமாம் போடுவார்கள். சர்வீஸ் கோட்டா என்றால் அரசுப் பணியில் இருக்கும் டாக்டர்களுக்குப் பிஜியில் ஒதுக்கும் இடங்கள். நானும் சர்வீஸில் இருப்பவன் என்பதால் இதுவரை வாயை மூடிக்கொண்டு இருந்தேன். இந்த முறை எழுதிவிடலாம் என்று தோன்றுகிறது. நீளமாகத்தான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் கணக்கு. தமிழ்நாட்டு அரசு மருத்துவக் கல்லூரிகளில் 100 பிஜி இடங்கள் இருக்கின்றன என்று வைத்துக்கொள்வோம். 50 இடங்கள் நேராக, எந்த மாநிலத்தவரும் போட்டியிடும் அகில இந்திய ஒதுக்கீட்டுக்குப் போய்விடும். மிச்சம் 50. அதில் பாதிதான் அரசுப் பணியில் இருக்கும் மருத்துவர்களுக்கு. ஆக நாங்கள் "அள்ளிக்கொண்டு போவதாக" சொல்லப்படுவது நூற்றுக்கு 25. அதிலும் எங்களுக்குள்ளேயே நீட் மார்க், இடஒதுக்கீடு எல்லாம் பார்த்துத்தான் இடம் கிடைக்கிறது. நீட் எழுதாமல் யாரும் உள்ளே வருவதில்லை.

அந்த 25 எதற்கு என்றால், ஒரு ஆரம்ப சுகாதார நிலையத்தில் (பி.எச்.சி.) ஒரு வாரம் இருந்து பார்க்க வேண்டும். செவ்வாய்க்கிழமை கர்ப்பிணிகள் பரிசோதனை, காலையிலேயே வராண்டா நிறைந்துவிடும். புதன்கிழமை தடுப்பூசி. மற்ற நாட்களில் ஓ.பி., அதற்கு நடுவே பள்ளி முகாம், மாதாந்திர ரிவ்யூ மீட்டிங், பிரசவம் நெருங்கியும் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போக மறுக்கும் பெண்ணின் மாமியாரிடம் கெஞ்சல். ராத்திரி பாம்பு கடித்து ஒருவரைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். விஷமுறிவு ஊசியை ஏற்றி, 108 வரும்வரை அவருடைய மூச்சையே பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். இதெல்லாம் முடிந்த பிறகுதான் நீட்டுக்குப் படிப்பு. அதே நேரம் இன்னொருவர் கோச்சிங் சேர்ந்து, வேலைக்குப் போகாமல் ஒரு வருடம் முழுக்கப் படிக்கிறார். அதில் தப்பே இல்லை, அவரும் கஷ்டப்பட்டுத்தான் படிக்கிறார். ஆனால் இருவரையும் ஒரே கோட்டில் நிறுத்தி "மெரிட்" என்று சொல்லும்போதுதான் எனக்குக் கோபம் வருகிறது.

இந்த ஒதுக்கீட்டுக்கு வந்த சோதனை கொஞ்சநஞ்சம் இல்லை. 2016 ஆகஸ்டில் உத்தரப்பிரதேச வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம், பட்டமேற்படிப்பில் பணி மருத்துவர்களுக்குத் தனி ஒதுக்கீடு கூடாது, மருத்துவக் கவுன்சில் விதிப்படி ஊக்க மதிப்பெண் மட்டும்தான் என்று சொல்லிவிட்டது. தொலைதூர, கடினமான பகுதியில் வேலை பார்த்த ஒவ்வொரு வருடத்துக்கும் வாங்கிய மார்க்கில் 10 சதவீதம் வரை, அதிகபட்சம் 30 சதவீதம். பிஜி டிப்ளமோவில் மட்டும் 50 சதவீத ஒதுக்கீடு தப்பித்தது. கொஞ்ச காலத்தில் டிப்ளமோ இடங்களையே பட்ட இடங்களாக மாற்ற ஆரம்பித்ததும் அதுவும் கைநழுவிப் போனது.

2017-இல் அது தமிழ்நாட்டைத் தாக்கியது. ஏப்ரல், மே மாதங்களில் அரசு மருத்துவர்கள் போராட்டத்தில் இறங்கினார்கள். சென்னை உயர் நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகள் இரண்டு விதமாகத் தீர்ப்பு எழுதி, மூன்றாவது நீதிபதியிடம் போனது. அப்புறம் "கடினமான பகுதி" எது என்று அரசு ஒரு பட்டியல் போட, அதற்கும் ஒரு வழக்கு. யோசித்துப் பாருங்கள், இது மலையும் காடும் மட்டும் உள்ள மாநிலம் இல்லை. பஸ் வசதி உள்ள ஊர், ஆனால் வேலைக்கு வர ஒரு டாக்டரும் சம்மதிக்காத ஊர், அது கடினமா இல்லையா? பக்கத்துப் பக்கத்து பி.எச்.சி.யில் இருக்கும் இருவரில் ஒருவருக்கு மார்க் ஏறும், இன்னொருவருக்கு ஏறாது. அந்த வருடம் எங்கள் வாட்ஸாப் குழுவில் படிப்பைப் பற்றிப் பேச்சே இல்லை, எல்லோரும் அரசாணையின் இணைப்பில் தங்கள் ஊர்ப் பெயரைத் தேடிக்கொண்டிருந்தார்கள்.

இந்த இடத்தில் தமிழ்நாடு மருத்துவ அலுவலர்கள் சங்கத்துக்கு ஒரு கும்பிடு போட வேண்டும். அவர்கள் போட்ட வழக்குதான் ஐந்து நீதிபதிகள் அரசியல் சாசன அமர்வுக்குப் போய், 2020 ஆகஸ்ட் 31 அன்று தீர்ப்பானது. கல்வித் தரத்தை நிர்ணயிப்பது அரசியல் சாசனத்தின் மத்தியப் பட்டியலில் 66-ஆவது இனம், சரி. ஆனால் தன்னிடம் வேலை பார்க்கும் மருத்துவர்களுக்கு எந்த வழியில் இடம் கொடுப்பது என்பது தரம் சார்ந்த விஷயம் இல்லை, பொதுப்பட்டியல் 25-ஆவது இனத்தின் கீழ் மாநிலம் தாராளமாகச் செய்யலாம், மருத்துவக் கவுன்சிலுக்கு அதைத் தடுக்க அதிகாரமே கிடையாது என்றார்கள். நாங்கள் வருடக்கணக்காகச் சொல்லிக்கொண்டிருந்ததும் அதேதான்.

ஆனால் தீர்ப்பின் கடைசியில் ஒரு வரி உண்டு: இது இனிமேல் நடக்கும் சேர்க்கைக்குத்தான், ஏற்கெனவே நடந்ததற்குப் பொருந்தாது. சட்டப்படி அதுதான் நடைமுறை, வேறு வழியும் இல்லை. நான்கு வருடத்துக்கு முன்பு சேர்ந்தவர்களை வெளியே அனுப்ப முடியுமா என்ன? ஆனால் 2017-லும் 2018-லும் 2019-லும் ஒதுக்கீடு இல்லாமல் இடத்தைத் தவறவிட்டவர்களுக்கு அந்தத் தீர்ப்பால் என்ன பயன்? உங்கள் பக்கம்தான் நியாயம் என்று நீதிமன்றம் சொன்னபோது சிலர் படிப்பு ஆசையையே விட்டிருந்தார்கள். பிஜி சேர்க்கை வழக்குகளில் என்னை உறுத்துவது இதுதான். எந்த மாணவருக்காக வழக்கு நடக்கிறதோ, அவர் காலம் முடிந்த பிறகே சட்டம் தெளிவாகிறது.

எம்.டி., எம்.எஸ். முடித்த பிறகு படிக்கும் சூப்பர் ஸ்பெஷாலிட்டியிலும் அதே கதைதான். 2020 நவம்பர் 7 அன்று டி.எம்., எம்.சிஎச். இடங்களில் 50 சதவீதம் பணி மருத்துவர்களுக்கு என்று அரசாணை வந்தது. அதே மாதம் 27-ஆம் தேதி, சேர்க்கை நடைமுறை ஏற்கெனவே ஆரம்பித்துவிட்டது, இந்த வருடம் வேண்டாம் என்று உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது. எங்கள் ஆட்கள் கொதித்தார்கள். எனக்கு மட்டும் அந்த உத்தரவில் நியாயம் இருப்பதாகப் பட்டது. பாதி வழியில் விதியை மாற்றக்கூடாது என்பது எங்களுக்குச் சாதகமாக இருந்தால் சரி, பாதகமாக இருந்தால் தப்பு என்று ஆகிவிடாதே. 2022 மார்ச் 16 அன்று அதே நீதிமன்றம் ஒதுக்கீட்டை அனுமதித்தது.

அதே விதியை மற்றவர்களும் பின்பற்ற வேண்டுமே! 2024-இல் ஜூன் 23 காலை நடக்க வேண்டிய நீட் பிஜியை 22-ஆம் தேதி இரவு தள்ளிவைத்தார்கள். ரயில் ஏறி வேறு மாநிலத்துக்குப் போய் லாட்ஜில் படுத்திருந்தவர்களுக்கு அப்போதுதான் தெரியும். 2025-இல் இரண்டு ஷிஃப்ட் தேர்வு நியாயமில்லை, ஒரே ஷிஃப்டில் நடத்துங்கள் என்று உச்ச நீதிமன்றம் மே 30 அன்று சொன்னது. உத்தரவு ரொம்பச் சரி. ஆனால் தேர்வு ஜூன் 15, அதனால் ஆகஸ்ட் 3-க்குப் போனது. முந்தைய வருடமே இரண்டு ஷிஃப்ட் மார்க்கை எப்படிச் சமன் செய்தார்கள் என்று கேட்டு வழக்கு நடந்ததே, அந்த ஒரு வருடம் நீட் பிஜியை நடத்தும் தேசியத் தேர்வு வாரியம் என்ன செய்துகொண்டிருந்தது?

தாமதம் என்றால் மாணவருக்கு மட்டும்தான் கஷ்டம் என்று நினைக்காதீர்கள். ஒரு அரசு மருத்துவமனை வார்டில் ரத்தம் எடுப்பது, கேஸ் ஷீட் எழுதுவது, லேபுக்கு ஓடுவது, நள்ளிரவில் நோயாளியின் உறவினருக்குப் பதில் சொல்வது, எல்லாம் ஃபர்ஸ்ட் இயர் பிஜிதான். 2021-ஆம் ஆண்டு பேட்ச் கவுன்சலிங், ஓ.பி.சி. 27 சதவீதம், பொருளாதாரத்தில் நலிந்தோர் 10 சதவீதம், அந்த 8 லட்சம் வருமான வரம்பு எல்லாம் நீதிமன்றத்தில் இருந்ததால், 2022 ஜனவரியில்தான் தொடங்கியது. அதுவரை மூன்று பேட்ச் செய்ய வேண்டிய வேலையை இரண்டு பேட்ச் செய்தது, அதுவும் கொரோனா காலத்தில். டெல்லியில் ரெசிடென்ட் டாக்டர்கள் தெருவுக்கு வந்தது சும்மா இல்லை.

சரி, எதிர்ப்பக்கமும் பேசிவிடுவோம். சர்வீஸில் இல்லாமல் ஓப்பன் கோட்டாவில் நிற்கும் தம்பி, தங்கைகளின் கோபத்தில் ஒரு உண்மை இருக்கிறது. "நீங்களும் சர்வீஸுக்கு வாருங்கள்" என்று சொல்வது சுலபம். மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் எப்போது அறிவிப்பு விடும், எப்போது பணி ஆணை தரும் என்று தெரியாமல் இருந்தால் அவர்கள் எப்படி வருவார்கள்? அரசு ஆள் எடுப்பதைத் தள்ளிப்போட்டால் இந்த ஒதுக்கீட்டின் நோக்கமே அடிபட்டுப் போகும். அதேபோல, அரசுச் சம்பளத்தில் பிஜி முடித்து, அதன் பிறகு அரசுக்கு வேலை பார்த்தே ஆக வேண்டிய பாண்டுக் காலத்தை எப்படிக் கழற்றிவிடலாம் என்று வக்கீலைத் தேடும் எங்கள் ஆட்கள் சிலர் இருக்கிறார்கள். அவர்களுக்காக நான் வாதாட மாட்டேன்.

இப்போது அடுத்த வழக்கு எங்கிருந்து வரும் என்று பாருங்கள். 2025 ஜனவரி 29 அன்று, சண்டிகர் அரசு மருத்துவக் கல்லூரி வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு, பிஜி படிப்பில் வசிப்பிட ஒதுக்கீடு அரசியல் சாசனத்துக்கு எதிரானது என்று சொல்லிவிட்டது. அந்தந்தக் கல்லூரியில் படித்தவர்களுக்கு ஓரளவு முன்னுரிமை தரலாம், இந்த ஊர்க்காரர் என்பதற்காக மட்டும் தரக்கூடாது. 1984-இல் பிரதீப் ஜெயின் வழக்கில் சொன்னதுதான், புதிது இல்லை என்கிறார்கள். இருக்கலாம். ஆனால் 36 அரசு மருத்துவக் கல்லூரிகளைக் கட்டி வைத்திருக்கும் மாநிலம், பாதி இடங்களை ஏற்கெனவே டெல்லிக்குக் கொடுத்துவிட்டு, மிச்சத்தையும் யாருக்கு என்று நீதிமன்றத்தில் கேட்டுக்கொண்டு நிற்க வேண்டுமா?

இந்த நிலைமையில் மாநிலத்தின் கையில் சட்டப்படி உறுதியாக நிற்பது எங்கள் சர்வீஸ் கோட்டாதான். ஐந்து நீதிபதிகள் எழுதிக் கொடுத்தது அது. ஆகவே அடுத்த தேர்வு அறிவிப்பு வருவதற்கு முன்பே அரசு மூன்று காரியம் செய்யட்டும்: பணி மருத்துவர் தகுதி விதியை ஒரே அரசாணையாக வெளியிடட்டும், ஊக்க மதிப்பெண்ணுக்கான ஊர்ப் பட்டியலை ஆட்சேபணைக்கு வைத்து முடிவு செய்யட்டும், காலியிடங்களுக்கு ஆள் எடுக்கட்டும். வழக்குப் போடுகிறவர்கள் அப்போதே போடட்டும், தேர்வுக்கு முன்பே முடியட்டும். சங்கத்தில் இருப்பவர்கள் இதைப் படித்தால் அடுத்த கூட்டத்தில் இந்த ஊர்ப் பட்டியல் விஷயத்தையாவது எடுத்துப் பேசுங்கள், மற்றதைக் கமென்டில் சண்டை போட்டுக்கொள்ளலாம்.