லிங்கனின் தோல்விப் பட்டியலும் நியூ சேலம் கடைக் கணக்கும்

அமெரிக்க ஜனாதிபதி ஆவதற்கு முன் ஆபிரகாம் லிங்கன் தோற்றுக்கொண்டே இருந்தார் என்று ஒரு பேச்சாளர் மாணவர்களிடம் பேசும் அந்தக் காணொளியை இதற்கு மேல் யாரும் எனக்கு அனுப்ப வேண்டாம். "1831 வியாபாரத்தில் தோல்வி, 1832 தேர்தலில் தோல்வி, 1833 மறுபடியும் வியாபாரத்தில் தோல்வி" என்று பேச்சாளர் அடுக்குகிறார், அரங்கம் கைதட்டுகிறது. எனக்கு மனசு ஆறவில்லை. லிங்கன் இல்லினாய் மாநிலச் சட்டமன்றத்துக்கு 1834, 1836, 1838, 1840 என்று வரிசையாக நான்கு முறை ஜெயித்தவர். அதில் ஒன்றுகூட அந்த மேடையில் வரவில்லை.

1831இல் அவருக்குச் சொந்தக் கடையே கிடையாது. சங்கமன் ஆற்றங்கரையில் நியூ சேலம் என்ற சின்ன ஊர். அங்கே டென்டன் ஆஃபட்டின் கடையில் அவர் சம்பள ஆள். நொடித்துப்போனது முதலாளி. 1832 தேர்தலில் தோற்றது உண்மை. ஆனால் நியூ சேலம் வாக்குச்சாவடியில் விழுந்த 300 ஓட்டில் 277 அவருக்கு. மாவட்டத்தின் மற்ற ஊர்களில் அவரை யாருக்கும் தெரியாது, அவ்வளவுதான்.

சொந்தக் கடை அதற்குப் பிறகு வந்தது, வில்லியம் பெர்ரியோடு கூட்டாக. கையில் முதல் இல்லை. அந்தக் கடையில் ரோவன் ஹெர்ன்டன் என்பவருக்கு இருந்த பங்கை வாங்கியதே புரோநோட்டு எழுதிக் கொடுத்துத்தான். அடுத்து ராட்ஃபோர்ட் என்ற இன்னொரு கடைக்காரரின் சரக்கையும் கடன்மேல் கடனாக எடுத்தார்கள். வாங்க வருகிற விவசாயியும் ரொக்கம் தரமாட்டான், பற்று எழுதச் சொல்லுவான், இல்லையென்றால் விளைச்சலைக் கொண்டுவந்து போடுவான். ஊர் வளர்ந்தால் சமாளித்திருக்கலாம். 1832இல் டாலிஸ்மன் என்ற நீராவிக் கப்பல் ஆற்றில் வந்தது. தண்ணீர் வற்ற, வந்த வழியே திரும்ப வேண்டியதாயிற்று, நியூ சேலத்து அணையில் ஒரு பகுதியைப் பிரித்துத்தான் அதைக் கீழே இறக்கினார்கள். கப்பல் வராத ஊரில் மூன்று நான்கு கடைகள் எப்படிப் பிழைக்கும்? 1833 மார்ச்சில் மது விற்க உரிமம் எடுத்தும், அரை பைன்ட் விஸ்கி 12½ சென்ட் என்று விலை வைத்தும் கடை நிமிரவில்லை.

1835 ஜனவரியில் பெர்ரி இறந்தார். கூட்டு வியாபாரக் கடனில் ஒருவர் போனால் மொத்தமும் மற்றவர் தலையில். ஏறத்தாழ 1,100 டாலர். சட்டமன்றத்தில் அவருக்குக் கிடைத்த படி ஒரு நாளைக்கு 3 டாலர் என்பதை வைத்து அந்தச் சுமையை யோசியுங்கள். புரோநோட்டு கைமாறும் காகிதம். எழுதி வாங்கியவர் பொறுத்தாலும், அதை விலைக்கு வாங்கியவர் பொறுக்கமாட்டார். அப்படித்தான் அவருடைய குதிரை, சேணம், சர்வே கருவிகள் எல்லாம் ஏலத்துக்குப் போயின. ஜேம்ஸ் ஷார்ட் என்ற நண்பர் ஏலத்தில் எடுத்து அவரிடமே திருப்பிக் கொடுத்தார். ராத்திரியோடு ராத்திரியாக ஊரைவிட்டுப் போய்விடாமல், பல வருடம் இழுத்துப்பிடித்து அந்தக் கடனை அடைத்தார் மனிதர். இதைத் "தோல்வி" என்று ஒரே சொல்லில் முடித்துவிடலாமா?

"ஊக்கம் கொடுக்கத்தானே சொன்னார், இதில் என்ன தப்பு?" என்பீர்கள். அந்தப் பட்டியலில் வரும் 1838 சட்டமன்றச் சபாநாயகர் தேர்தல் தோல்வியை எடுத்துக்கொள்ளுங்கள். அன்றைய இரண்டு பெரிய கட்சிகளில் ஒன்றான விக் கட்சி தன் வேட்பாளராக நிறுத்தியதால்தான் லிங்கன் அதில் தோற்கவே முடிந்தது. 29 வயதில் அவையில் ஒரு கட்சியின் முதல் ஆள்! அது தோல்விப் பட்டியலில் சேருமா? மாணவர்கள் உட்கார்ந்திருந்த அரங்கம் அது. வெற்றியை மறைத்துக் கொடுத்தால்தான் அவர்களுக்கு ஊக்கம் வருமா? "உனக்குப் பொறாமை" என்பவர்களுக்குச் சொல்ல என்னிடம் ஒன்றுமில்லை.

உண்மையிலேயே அவர் சறுக்கிய இடம் வேறு. 1837இல் ரயில்பாதை, ஆற்றுப் பணி என்று 1 கோடி டாலருக்கு மேல் மாநிலம் கடன் வாங்கும் சட்டத்தை முன்நின்று ஆதரித்தார். அதே வருடம் பொருளாதாரம் சரிந்தது. சில வருடங்களில் இல்லினாய் வட்டிகூடக் கட்ட முடியாமல் நின்றது. புரோநோட்டு என்ன செய்யும் என்று உடம்பால் தெரிந்தவர் இதைச் செய்தார் என்பது என்னை இன்றும் உறுத்துகிறது. அதைப் பேசுங்கள், நான் கேட்கிறேன்.

அதே 1837, மார்ச் 3. அடிமை முறைக்குச் சாதகமான தீர்மானங்களைச் சட்டமன்றம் பெரும்பான்மையோடு நிறைவேற்றியிருந்தது. அடிமை முறை அநீதி, கெட்ட கொள்கை என்று எழுதி அவைக்குறிப்பில் பதியவைத்த உறுப்பினர்கள் இரண்டே பேர், டான் ஸ்டோனும் லிங்கனும். அடிமை ஒழிப்புப் பிரச்சாரத்தையும் அதே அறிக்கையில் குறை சொன்னார்கள், அதையும் நான் மறைக்கவில்லை. அப்போது லிங்கனுக்கு 28 வயது, கடைக் கடன் தலைக்கு மேல் இருந்தது. அடுத்த மேடையில் அந்தப் பேச்சாளர் இதைச் சொல்லட்டும், நானே முதல் வரிசையில் உட்கார்ந்து கைதட்டுகிறேன்.